ஆசிரியர் நியமன ஒப்புதல் வழக்குகள்

நியமன ஒப்புதல் என்பது, அரசு உதவிபெறும் தனியார் பள்ளியின் நிருவாகம் தேர்ந்தெடுத்த ஆசிரியரைக் கல்வித்துறை ஏற்று, அவருக்கு மானியத்திலிருந்து ஊதியம் வழங்க இசைவளிக்கும் ஆணையாகும். நியமிப்பவர் ஒருவர், சம்பளம் கொடுப்பவர் வேறொருவர் என்ற ஏற்பாட்டிலேயே இவ்வழக்குகளின் வித்து உள்ளது. முல்லையாற்றங்கரைப் பேரூராட்சியான வீரபாண்டி உள்ளிட்ட தேனி வட்டாரத்தார் இவ்வழக்குகளுக்காகச் சென்னை வரை செல்ல வேண்டியிருந்த நிலை, 2004 ஜூலையில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை திறக்கப்பட்டதும் நீங்கியது.

மானிய முறையின் மூலம் 1854-ஆம் ஆண்டில் உட் என்பவர் அளித்த கல்வி அறிக்கையாகும். அரசே எங்கும் பள்ளி திறப்பதைவிடத் தனியார் நடத்தும் பள்ளிகளுக்குப் பண உதவி அளிப்பது சிக்கனமானது என்று அது கருதியதால், சென்னை மாகாணத்தில் மறு ஆண்டே மானிய விதிகள் வகுக்கப்பட்டன. 1834-இல் மதுரைக்கு வந்து, பின்னர் பெரியகுளத்திலும் நிலையம் அமைத்த அமெரிக்க மதுரை மிஷன் போன்ற சமயத் தொண்டு அமைப்புகளும், அவற்றைப் பின்தொடர்ந்து சமூக உறவின்முறைகளும் வள்ளல்களும் நிறுவிய பள்ளிகள் இம்முறையால் வளர்ந்தன. அக்காலத்தில் மானியம் நிருவாகத்தின் கைக்கே சென்றதால், ஆசிரியர் கையொப்பமிட்ட தொகை ஒன்று, கையில் பெற்றது வேறொன்று என்ற மனக்குறை நெடுநாள் நீடித்தது. அரசின் கட்டுப்பாடு இறுகியதற்கு இக்குறையே நியாயம் கற்பித்தது எனலாம்.

விடுதலைக்குப் பின், அரசியலமைப்பின் 30(1)-ஆம் பிரிவு சமய, மொழிச் சிறுபான்மையினருக்குத் தம் விருப்பப்படி கல்வி நிலையங்களை நிறுவி நடத்தும் உரிமையை அளித்தது. 1957-ஆம் ஆண்டின் கேரளக் கல்வி மசோதா குறித்து 1958-இல் கருத்துரைத்த உச்ச நீதிமன்றம், இவ்வுரிமை சீர்கேடாக நிருவகிக்கும் உரிமை ஆகாது என்று வரையறுத்தது. தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் (ஒழுங்குமுறை) சட்டம், 1973, அடுத்த ஆண்டு டிசம்பரில் நடைமுறைக்கு வந்தபோது, சிறுபான்மைப் பள்ளிகள் அதனை எதிர்த்தன. அதன் பல பிரிவுகள் அப்பள்ளிகளுக்குப் பொருந்தா என 1975 டிசம்பரில் உயர் நீதிமன்றம் தீர்ப்பளிக்க, 1977-இல் அவற்றுக்கெனத் தனி விதிகள் பிறந்தன.

நடைமுறையில் பணியிடம் காலியானதும் பள்ளிக்குழு தீர்மானம் இயற்றி, ஒருவரை நியமித்து, பணியிட நிர்ணய ஆணை, கல்விச் சான்றுகள், அவற்றின் உண்மைத்தன்மைச் சான்று ஆகியவற்றோடு மாவட்டக் கல்வி அலுவலருக்குக் கருத்துரு அனுப்புகிறது. 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் வந்த 1974-ஆம் ஆண்டு விதிகளின் 15-ஆம் விதி, அதே பள்ளியில் தகுதியுடையோர் இருப்பின் பதவி உயர்வுக்கு முதலிடம் தந்ததால், வெளியாளை நியமித்தபோது மூத்தவர் வழக்குத் தொடுத்தார். ஆசிரியர்–மாணவர் விகிதம் பற்றிய 1997-ஆம் ஆண்டின் அரசாணை எண் 525 மற்றொரு காரணி. மாணவர் எண்ணிக்கை குறைந்தால் ஆசிரியர் உபரியாவார் என்பதால், உபரி ஆசிரியரைப் பணிநிரவல் செய்யாமல் புதியவருக்கு ஒப்புதல் இல்லை என்று கருத்துருவைத் திருப்பி அனுப்புவது துறையின் வழக்கமாயிற்று. ஆண்டுகள் கழிய, ஆசிரியரோ சம்பளமின்றி வகுப்பெடுப்பார். எனினும், அனுமதிக்கப்பட்ட பணியிடத்தைத் தகுதியுள்ளவரைக் கொண்டு நிரப்பச் சிறுபான்மைப் பள்ளி முன் அனுமதி பெறத் தேவையில்லை. ஒப்புதலைப் பணியில் சேர்ந்த நாளிலிருந்தே அளிப்பதே முறையாகும்.

2009-ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம் ஆசிரியர் தகுதித் தேர்வு என்ற புதிய வாயிலுக்கு வழிவகுத்தது. அத்தேர்வுக்கான தமிழ்நாட்டின் அரசாணை 2011 நவம்பரில் வெளிவந்தது; தேர்வில் தேறாதோரின் ஒப்புதல் வழக்குகள் பெருகின. சிறுபான்மைப் பள்ளிகளுக்கு அச்சட்டம் பொருந்தாது என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் கூறியதே அப்பள்ளிகளின் வாதத்துக்கு அடித்தளமாயிற்று.

1973-ஆம் ஆண்டுச் சட்டத்தின் இடத்தில் 2018-ஆம் ஆண்டின் தனியார் பள்ளிகள் (ஒழுங்குமுறை) சட்டம் 2023 முதல் செயல்படுகிறது. 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம், ஓய்வுக்கு ஐந்தாண்டுகளுக்கு மேல் உள்ள பணியிலிருக்கும் ஆசிரியர்களும் இரண்டு ஆண்டுகளுக்குள் தகுதித் தேர்வில் தேற வேண்டும் எனத் தீர்ப்பளித்து, சிறுபான்மைப் பள்ளிகளுக்கு இது பொருந்துமா என்ற கேள்வியைப் பெரிய அமர்வின் பரிசீலனைக்கு அனுப்பியது.