லயம் திரையேறிய காலம்

கந்தப்பளைப் பக்கம் வி.பி. கணேசன் என்றால் தொழிற்சங்கவாதி என்பார்கள். நான் அவரைப் படத் தயாரிப்பாளராகவும் மதிக்கிறேன்.

1948இல் குடியுரிமை பறிபோன மலையகத் தமிழரில் 525,000 பேரை இந்தியாவுக்கு அனுப்ப 1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் முடிவுசெய்தது. உறவுகள் பிரிந்து தலைமன்னாரில் கப்பலேறிக்கொண்டிருந்த காலத்தில்தான், 1975இல், தோட்டத் தொழிலாளர் வாழ்வைச் சொல்லும் ‘புதிய காற்று’ படத்தைத் தயாரித்து, தாமே நடித்தார் கணேசன். ‘நான் உங்கள் தோழன்’ (1978), ‘நாடு போற்ற வாழ்க’ (1981) ஆகியவையும் அவர் தயாரித்தவையே. 1983 கலவரத்தோடு இலங்கைத் தமிழ்ச் சினிமாவின் முதுகெலும்பே முறிந்தது.

தயாரிப்பாளரை வசூலால் அளப்பது நம் வழக்கம். நாடற்றவரென ஒதுக்கப்பட்ட சனம் தன் லயத்தைத் திரையில் கண்டதே, அதை எந்தக் கணக்கில் எழுதுவது? மலையக இலக்கிய வரலாறு எழுதுவோர் இப்படங்களுக்கும் ஓர் அத்தியாயம் ஒதுக்கவேண்டும்.