பதினாறு கட்டு நாணல்

எனக்குப் பத்து வயது இருக்கும்போது எங்கள் ஊரில் வாய்க்கால் மடை திறப்பதில் ஒரு சண்டை நடந்தது. இரண்டு தெருக்காரர்கள் மோதிக்கொண்டார்கள். ஒருவருக்கு மண்டை உடைந்து, மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் உயிர் போயிற்று. போலீஸார் பதினொரு பேரைப் பிடித்தார்கள். அதில் ஏழாவது எதிரி என் பெரியப்பா. அடித்தது மண்வெட்டிக் காம்பைப் பிடித்த ஒரே கை. பெரியப்பா கையில் அன்று இருந்தது ஒரு துண்டு மட்டும்தான் என்று என் தாயார் கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தாள்.

ஒருவன் அடித்ததற்குப் பதினொரு பேர் எப்படிக் கொலைகாரர்கள் ஆவார்கள்? நான் சட்டம் படித்தவன் அல்ல. கல்லூரியையே பாதியில் விட்டுக் கதை எழுத வந்தவன். ஆனாலும் இந்தக் கேள்வி என்னை விடவில்லை. வக்கீல் நண்பர்களின் அலமாரிகளைக் குடைந்தபோது பழைய வழக்குகள் இரண்டு அகப்பட்டன.

முதல் வழக்கு கல்கத்தாவில் நடந்தது. 1923 ஆகஸ்டு 3-ந் தேதி, சங்கரிடோலா தபால் ஆபீஸில் போஸ்ட் மாஸ்டர் பின்னறையில் உட்கார்ந்து பணத்தை எண்ணிக்கொண்டிருந்தார். வாசலில் சிலர் தோன்றிப் பணத்தைக் கேட்டார்கள். கேட்ட கையோடு சுட்டும் விட்டார்கள். அவர் அங்கேயே இறந்தார். பணத்தைத் தொடாமலே எல்லோரும் சிதறி ஓடினார்கள். கைத்துப்பாக்கியும் கையுமாகப் பிடிபட்டவன் பரேந்திர குமார் கோஷ் ஒருவன்தான். "நான் சுடவில்லை, பயந்துபோய் வெளியே முற்றத்தில் நின்றேன்" என்பது அவன் கட்சி. மரண தண்டனை விதித்தார்கள். வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில்வரை போயிற்று. அங்கே ஸம்னர் பிரபு, திட்டம் போட்டு வந்த கூட்டத்தில் காவல் நிற்பவனும் காரியத்தில் பங்காளிதான் என்று சொல்லி, 1924-இல் அப்பீலைத் தள்ளினார்.

இதற்கு ஆதாரம் 1860-ஆம் வருஷத்து இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 34-ஆவது பிரிவு. பலர் சேர்ந்து, எல்லோருக்கும் பொதுவான எண்ணத்தை நிறைவேற்ற ஒரு குற்றத்தைச் செய்தால், ஒவ்வொருவனும் அதைத் தானே தனியாகச் செய்தது போலப் பொறுப்பாளி. இதில் ஒரு விசேஷம் உண்டு. 'பொது எண்ணம்' என்ற நிபந்தனை முதலில் எழுதிய சட்டத்தில் இல்லை. பத்து வருஷம் கழித்து, 1870-இல்தான் அதைச் சேர்த்தார்கள். கைகளை எண்ணினால் போதாது, மனங்களையும் பார்க்கவேண்டும் என்று சட்டத்துக்கே பிறகுதான் தோன்றியிருக்கிறது.

இரண்டாவது வழக்கு ஸிந்து நதிக் கரையில் நடந்தது. அந்தப் பிரதேசம் இன்று பாகிஸ்தானில் இருக்கிறது. 1943 ஆகஸ்டு 25-ந் தேதி சிலர் படகில் போய்க் கரையோரத்தில் நாணல் அறுத்தார்கள். "என் நிலத்து நாணலைத் தொடாதே" என்று நிலக்காரர் தடுத்தார். அவர்கள் கேட்கவில்லை, பதினாறு கட்டு அறுத்துக்கொண்டு திரும்பினார்கள். வழியில் நிலக்காரரின் மருமகன் மறித்துக்கொண்டு, நாணலைக் கொடு என்றான். கைகலப்பாயிற்று. படகு தள்ளும் மூங்கிலால் அவனுக்கு அடி விழுந்தது. "ஐயோ" என்று உதவிக்குக் கத்தினான். கூப்பாட்டைக் கேட்டு இரண்டு பேர் துப்பாக்கியோடு ஓடிவந்தார்கள். ஒருவன் நிலக்காரரின் மகன். இன்னொருவன் பத்தொன்பது வயதுப் பையன் மஹ்பூப் ஷா. மகன் சுட்டதில் ஓர் ஆள் செத்து விழுந்தான். மஹ்பூப் ஷா சுட்டதில் வேறோர் ஆளுக்குக் காயம். மகன் தலைமறைவானான். அகப்பட்ட மஹ்பூப் ஷாவுக்கு, தான் சுடாத அந்தக் கொலைக்காகத் தூக்கு என்று தீர்ப்பாயிற்று. லாகூர் ஹைக்கோர்ட்டும் அதை மாற்றவில்லை.

பிரிவி கவுன்சிலில் 1945-இல் இந்த வழக்குக்குத் தீர்ப்பு எழுதியவர் நம் சென்னை ஹைக்கோர்ட்டில் நீதிபதியாக இருந்த ஸர் மாதவன் நாயர். அவர் கேட்ட கேள்வி எளிமையானது. இருவருக்கும் ஒரே மாதிரி எண்ணம் இருந்தது, சரி. அது பொது எண்ணம் ஆகிவிடுமா? அடிபட்டவனைக் காப்பாற்ற இருவரும் ஓடிவந்தார்கள். அவனவன் தன் எதிரில் நின்றவனைச் சுட்டான். இன்னாரைக் கொல்வோம் என்று இருவரும் கலந்துகொண்டதற்குச் சாட்சி இல்லை. நடந்துகொண்ட விதத்திலிருந்தும் அப்படி ஊகிக்க இடமில்லை. ஒரே மாதிரி எண்ணத்துக்கும் பொது எண்ணத்துக்கும் நடுவே இருக்கும் சுவர் மிக மெல்லியது. ஆனால் அந்தச் சுவர் உண்டு. கொலைக் குற்றமும் தூக்கும் ரத்தாயின. தான் சுட்டுக் காயப்படுத்தியதற்கான தண்டனை மட்டும் அவனுக்கு நின்றது.

விந்தையைப் பாருங்கள். சுடவே இல்லை என்றவனின் அப்பீல் தள்ளுபடியாயிற்று. சுட்டவன் தூக்கிலிருந்து தப்பினான். மேலுக்குப் பார்த்தால் தலைகீழ் நியாயம். ஆனால் எனக்கு இரண்டும் சரியாகவே படுகின்றன. இரண்டு நெஞ்சில் ஒரே சமயத்தில் தீப்பிடிக்கலாம். அதனால் இருவரும் சேர்ந்து கொள்ளி வைத்தார்கள் என்று ஆகாது.

ஐந்து பேர், அதற்கு மேல் கூடிவிட்டால் சட்டம் இன்னும் கடுமை. அது 149-ஆவது பிரிவு. கூட்டத்தின் நோக்கம் சட்டவிரோதமானது, அதை நிறைவேற்ற ஒருவன் கொலை செய்தான், அல்லது அப்படி நடக்கக்கூடும் என்று மற்றவர்கள் அறிந்திருந்தார்கள் என்றால் கூட இருந்த எல்லோருக்கும் பொறுப்பு. உத்தரப் பிரதேசத்தில் பாந்தா ஜில்லாவில் ஐந்து பேர் கொலையுண்ட கிராமப் பகை வழக்கில் 1964-இல் சுப்ரீம் கோர்ட் இதை விளக்கியது. ஒவ்வொருவனும் கையை ஓங்கினான் என்று காட்டவேண்டியதில்லை. அதே சமயம், வேடிக்கை பார்க்க வந்தவன் வலையில் சிக்கக்கூடாது. நாலு சாட்சிகளாவது ஒருமுகமாகச் சொன்னவர்களுக்கே தண்டனை என்று ஹைக்கோர்ட் வைத்துக்கொண்ட அளவுகோலை சுப்ரீம் கோர்ட் ஏற்றது. 2024 ஜூலை முதல் தேதி புதிய பாரதிய நியாய ஸன்ஹிதா வந்தது. பழைய பிரிவுகள் 3(5), 190 என்று எண் மாறின, கேள்வி மாறவில்லை.

கதை எழுதுகிறவனுக்கு ஒரு சௌகரியம் உண்டு. 'அவன் மனத்தில் இப்படி நினைத்தான்' என்று எழுதிவிட்டால் போதும், நடுவர் அவனே. நீதிபதிக்கு அந்தச் சலுகை கிடையாது. உடைந்த மண்டையையும் கீழே கிடந்த கம்பையும் நாலு சாட்சிகளையும் வைத்துக்கொண்டு பதினொரு மனங்களுக்குள் அவர் நுழைந்து பார்க்கவேண்டும்.

பெரியப்பா ஒன்றரை வருஷம் கோர்ட்டுக்கு அலைந்து விடுதலையானார். மண்வெட்டிக்காரரோடு இன்னும் மூன்று பேர் ஜெயிலுக்குப் போனார்கள். நான் பெரியவனான பிறகு ஒருநாள் திண்ணையில் உட்கார்ந்திருந்தபோது கேட்டேன்: "பெரியப்பா, அன்றைக்கு நீங்கள் விலக்கப் போனீர்களா, அடிக்கப் போனீர்களா?"

வெகு நேரம் பேசாமல் இருந்தார். "எல்லாரும் ஓடினாங்கடா. நானும் ஓடினேன்" என்றார். பிறகு துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, மடைப் பக்கம் எழுந்து போய்விட்டார்.