ஆரைக்கீரையும் அரைகல்லும்

சிறுவயதில் வயல் வாய்க்காலில் ஆரைக்கீரை பிடுங்கிவர அம்மம்மா என்னைத்தான் அனுப்புவார். நான்கு இலை விரித்த அந்தக் கீரைக்கு அவுஸ்திரேலியாவின் நடுப்பகுதியிலே ஓர் உறவு உண்டு. பெயர் 'நார்டூ'. வெள்ளம் வற்றியபின் அதன் அடியில் கிடக்கும் பயறளவான வித்துறைகளைப் பொறுக்கி, அரைத்து, ஆதிக்குடிகள் உண்டார்கள். அதே நார்டூவைத் தின்றுகொண்டே இரு வெள்ளையர் மெலிந்து இறந்தார்கள்.

1860இல் மெல்பேணிலிருந்து வடகடலை நோக்கிப் புறப்பட்ட குழுவின் தலைவர் ரொபேர்ட் பேர்க். திரும்பும் வழியில் அவரும் வில்ஸ், கிங் என்பாரும் 1861 ஏப்ரல் 21ஆந் திகதி மாலை கூப்பர் ஓடையை அடைந்தனர். காத்திருந்த துணைக்குழு அன்று காலைதான் அவ்விடம் விட்டுப் போயிருந்தது!

ஓடைக்கரையின் யந்த்ருவந்தா மக்கள் அவர்களுக்கு மீனும் நார்டூ அப்பமும் கொடுத்தார்கள். பேர்க்கோ அம்மக்களைச் சந்தேகித்தார். ஒருமுறை அவர்களை விரட்டத் துப்பாக்கியால் சுட்டார். அவர்கள் விலகிப்போயினர். மூவரும் தாமே நார்டூ பொறுக்கி அரைத்துத் தின்றனர். பசி எடுக்கிறது, உணவும் பிடிக்கிறது, உடம்பிலேதான் ஒட்டவில்லை என்ற பொருள்பட வில்ஸ் நாட்குறிப்பில் எழுதிவைத்தார். ஜூன் மாத முடிவளவில் அவரும் பேர்க்கும் இறந்துபோயினர்.

காரணத்தை 1994இல் இரு விஞ்ஞானிகள் விளக்கினர். நார்டூவில் விற்றமின் பி1ஐ அழிக்கும் நொதியம் ஒன்று உண்டு. ஆதிக்குடிப் பெண்கள் நீர்விட்டு அரைத்துக் கழுவி அதன் வலுவைக் குறைத்தார்கள். வந்தவர்கள் செடியைக் கண்டார்களேயன்றி அந்தப் பக்குவத்தைக் கவனிக்கவில்லை என்பது அவர்கள் கருத்து. பி1 குறைந்தால் வரும் நோய் 'பெரிபெரி'. சிங்களத்தில் 'இயலாது' எனப் பொருள்படும் சொல்லிலிருந்து அப்பெயர் வந்தது என்பர். எழுந்து நடக்க இயலாமல் கிடந்த அவ்விருவருக்கும் அது எவ்வளவு பொருத்தம்!

கிங் மட்டும் யந்த்ருவந்தா மக்களைத் தேடிப்போனான். ஒரு பெண்ணின் கைப்புண்ணுக்கு மருந்திட்டான். அவளும் அவளைச் சேர்ந்தவர்களும் அவனுக்கு உணவு கொடுத்துக் காத்தார்கள். செப்டெம்பரில் தேடிவந்தோர் அவனை உயிருடன் கண்டனர்.

இறந்த இருவருக்கும் 1865இல் மெல்பேணில் சிலை எழுந்தது. யந்த்ருவந்தா மக்களின் நிலமோ மாட்டுப் பண்ணைகளாயிற்று. மொழி பேசுவோரும் அருகினர். கடந்த நூற்றாண்டின் பிற்பகுதியில் காவன் பிரீன் என்ற மொழியியலாளர், பென்னி கெர்வின் என்னும் முதியவரிடமிருந்து அம்மொழியையும் முன்னோரின் வாழ்க்கை முறைகளையும் கேட்டுப் பதிந்தார். அவற்றைக் கொண்ட நூல்கள் 2015இல் வெளிவந்தன.

இன்று அவுஸ்திரேலிய உணவகங்களில் அந்நாட்டு வேலம்வித்து மாவும் ககாடு பிளம்மும் நல்ல விலைபோகின்றன. செடியை எவரும் நட்டு வளர்த்துவிடலாம். ஆனால் எத்தனை தண்ணீர், எவ்வளவு நேரம் என்பதையெல்லாம் அந்தப் பெண்களின் பேத்திகளிடம் அல்லவா கேட்கவேண்டும்? சென்ற மாதம் நான் சந்தையில் ஆரை வாங்கி வந்தேன். அம்மம்மா அதை எப்படி ஆய்வார் என்று அம்மாவிடம் கேட்டேன். அம்மா சற்று யோசித்துவிட்டு, "பார்த்திருக்கிறேன், கேட்டதில்லை" என்றார்.