அங்கம் இழந்தோர்க்கு ஈடு

புனே நகரின் வடகிழக்கே, விமான நிலையத்தை அடுத்து அமைந்துள்ளது விமான் நகர். அதையொட்டிச் செல்லும் நகர் சாலையில் லாரிகளும் பேருந்துகளும் இருசக்கர வண்டிகளும் ஒன்றையொன்று நெருக்கி ஓடுகின்றன. அப்பகுதிக்குப் பிழைப்பை நாடிச் சென்ற தமிழருள் கணிப்பொறி அலுவலகங்களில் பணிபுரிவோர் உண்டு; வண்டி ஓட்டி வாழ்வோரும் உண்டு. அவர்களில் ஒருவர் சாலை விபத்தில் கையையோ காலையோ இழந்துவிட்டால், சட்டம் அவருக்கு அளிக்கும் ஈடு யாது? இக்கேள்விக்கு இன்றுள்ள விடை ஒரு நாளில் பிறந்ததன்று.

சாலை விபத்து என்றதும் நம்மவர் நினைவுக்கு வருவது, திருவாரூரில் தேர்க்காலில் அகப்பட்டு மாண்ட பசுங்கன்று. மனுநீதிச் சோழன் கதையில் நீதி என்பது, ஊறு செய்தவன் பெறும் தண்டனை. ஆனால் ஊறுபட்டுப் பிழைத்திருப்பவரின் கதி என்ன என்பது வேறொரு கேள்வி. தண்டனை எத்துணைக் கடுமையாயினும், இழந்த காலுக்கு அது ஊன்றுகோல் ஆகாது. இந்த இரண்டாம் கேள்வியைச் சட்டம் மெல்ல மெல்லவே கேட்கத் தொடங்கிற்று.

இங்கிலாந்தில் 1846-இல் இயற்றப்பட்ட சட்டத்தைப் பின்பற்றி, இந்தியாவில் 1855-இல் உயிர்ச்சேத விபத்துச் சட்டம் வந்தது. அது மாண்டவரின் குடும்பத்தாருக்கே வழி காட்டிற்று. ஊனமுற்று உயிர் தப்பியவரோ சிவில் நீதிமன்றத்தில் கட்டணம் செலுத்தி, எதிரியின் கவனக்குறைவை மெய்ப்பிக்க வேண்டியிருந்தது. வழக்கில் வென்றாலும், எதிரியிடம் பொருள் இல்லையேல் தீர்ப்பு வெறுங்காகிதமே.

1939-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் இக்குறையை நீக்க முற்பட்டது. பிறருக்கு நேரும் ஊறுக்காக ஒவ்வொரு வண்டியும் இன்ஷ்யூரன்ஸ் செய்யப்பட வேண்டும் என்ற விதி, 1946 ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. 1956-இல் செய்யப்பட்ட திருத்தம், இத்தகைய வழக்குகளுக்கெனத் தனித் தீர்ப்பாயங்கள் அமைக்க வழி செய்தது. 1982-இல் வந்த திருத்தம் மேலும் ஓர் அடி சென்றது. யார் குற்றவாளி என்று ஆராயாமலே, நிரந்தர ஊனமுற்றவருக்கு 7,500 ரூபாய் அளிக்கச் சொன்னது அது. 1988-ஆம் ஆண்டின் புதிய சட்டத்தில் அத்தொகை 12,000 ஆயிற்று. 1994-இல் 25,000 ஆயிற்று. 2019-இன் திருத்தம், 2022 ஏப்ரல் முதல், கொடுங்காயம் உற்றவருக்கு இரண்டரை லட்சம் ரூபாய் என நிர்ணயித்தது. ஆனால் ஓர் எச்சரிக்கை: இத்தொகையைச் சமரசமாக ஏற்றுக்கொண்டவரின் வழக்கு அத்துடன் முடிந்துவிடும். வாழ்நாள் முழுதும் ஊனத்தோடு வாழ வேண்டியவர், அவசரப்பட்டுக் கையொப்பம் இடலாகாது.

முழு இழப்புக்கும் ஈடு கோருவோர் விஷயத்தில் இழப்பை அளப்பது எவ்வாறு? 2010 அக்டோபரில், நீதிபதி ஆர். வி. ரவீந்திரன் அங்கம் வகித்த உச்ச நீதிமன்ற ஆயம் இதைத் தெளிவாக்கிற்று. இடக்கை துண்டிக்கப்பட்டால், உடலின் ஊனம் ஏறத்தாழ 60 சதவீதம் எனலாம். அவர் வண்டியோட்டியாகவோ தச்சராகவோ இருந்தால், சம்பாதிக்கும் திறன் அநேகமாக முழுதும் போய்விடுகிறது. அரசாங்க அலுவலகத்து எழுத்தராக இருந்தாலோ, அவர் வேலை நிலைக்கவும் கூடும். எனவே மருத்துவர் கூறும் சதவீதம் வேறு, வருமான இழப்பின் சதவீதம் வேறு.

இவ்வேற்றுமையின் கனத்தை ஒரு கணக்கால் காண்போம். 28 வயதுடைய ஒருவர் மாதம் 20,000 ரூபாய் ஈட்டுவதாகக் கொள்வோம். 2009-இல் உச்ச நீதிமன்றம் வகுத்த அட்டவணைப்படி அவ்வயதுக்குரிய பெருக்கு எண் 17. இழப்பு 60 சதவீதம் என்றால், வருமான இழப்புக்கான தொகை 24,48,000 ரூபாய். நூறு சதவீதம் என்றால் 40,80,000 ரூபாய். எதிர்கால ஊதிய உயர்வும், மருத்துவச் செலவும், பட்ட வேதனைக்கான தொகையும் இவற்றில் சேரா.

வெளிமாநிலத்தில் வாழும் தமிழர் கருத வேண்டிய செய்தி இன்னும் ஒன்று உண்டு. முன்பெல்லாம் விபத்து நடந்த எல்லைக்குரிய தீர்ப்பாயத்தையே நாட வேண்டும். சிகிச்சைக்குப் பின் சொந்த ஊர் திரும்பியவர், ஒவ்வொரு வாய்தாவுக்கும் ரயிலேற வேண்டியிருந்தது. 1994-இன் திருத்தம் இத்துன்பத்தை அகற்றிற்று. விபத்து நடந்த இடத்திலும் மனுச் செய்யலாம். மனுதாரர் வசிக்கும் இடத்திலும் செய்யலாம். விமான் நகரில் அடிபட்டவர் புனேயிலேயே வழக்காடலாம். மதுரைக்குத் திரும்பி அங்கேயே வசிப்பவர் மதுரையிலும் வழக்காடலாம். அதே 1994-இல் கால வரம்பும் நீக்கப்பட்டது. ஆயினும் 2019-இன் திருத்தம் ஆறு மாத வரம்பை மீண்டும் புகுத்தியது. ஆதலின் காலம் தாழ்த்துவது ஆபத்து.

முதல் தகவல் அறிக்கையையும் மருத்துவமனைச் சீட்டுகளையும் ஊதியச் சான்றையும் ஊனச் சான்றையும் பத்திரப்படுத்துவது முதற் கடமை. அதனினும் முக்கியமானது, இழந்த உறுப்பு தம் தொழிலுக்கு எவ்வளவு இன்றியமையாதது என்பதைத் தக்க சாட்சியங்கொண்டு எடுத்துரைப்பது. போன கையைச் சட்டத்தால் திருப்பித் தர இயலாது. அந்தக் கை ஈட்டியிருக்கக்கூடிய சோற்றையேனும் குடும்பத்துக்குக் கிடைக்கச் செய்யலாம் என்பதே இந்த நெடிய வரலாற்றின் பயன்.