வார்சாவில் ஒரு தபால் நிலையம்

வாளேந்தி மாண்ட இளைஞனை நம் பாட்டு மறந்ததில்லை. 1714இல் ஆர்க்காட்டு நவாபு சாதத்துல்லா கானின் படையை எதிர்த்து வீழ்ந்த தேசிங்குராசன் இருபத்திரண்டு வயதினன் என்பர். 2025இல் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்ற நம் செஞ்சிக் கோட்டையைக் காட்டிலும் அவன் கதைப்பாடலே அவனை நெடுங்காலம் காத்து வந்துள்ளது. வாளேந்தாமல் மாண்ட சிறுவர்க்கு யார் பாட்டுக் கட்டுவது? இவ்வினாவோடு, நம் நாட்டு நாடகம் ஒன்று அயல்மண்ணில் கண்ட வரலாற்றை ஈண்டு நோக்குவோம்.

தாகூர் 1911இல் வங்கமொழியில் 'தபால் நிலையம்' என்னும் நாடகத்தை இயற்றினார். நோயுற்ற அமல் என்னும் சிறுவன், வைத்தியர் கட்டளைப்படி வீட்டினுள் அடைபட்டிருக்கிறான். சன்னலே அவனுக்கு உலகம். தயிர்க்காரனும் காவற்காரனும் பூக்காரச் சிறுமி சுதாவும் அவ்வழியே அவனோடு உறவாடுகின்றனர். மன்னரின் மடல் தனக்கு வருமென்று அவன் காத்திருக்கிறான். இறுதியில் அரச வைத்தியர் வந்து கதவுகளையெல்லாம் திறக்கச் செய்கிறார், சிறுவன் உறங்கிவிடுகிறான்.

போலந்து நாட்டு மருத்துவர் யானுஷ் கோர்ச்சாக், 1912 முதல் வார்சாவில் யூத அனாதைச் சிறுவர் இல்லம் ஒன்றை நடத்தி வந்தார். சிறுவர்க்கெனச் சிறுவரே நடத்தும் நீதிமன்றம் அங்கே இருந்தது. அவர் 1923இல் வெளியிட்ட சிறுவர் புதினத்தின் தலைவன், தந்தை இறந்தபின் அரியணை ஏறிப் போரில் தோற்கும் மாட் என்னும் சிறுவன். தந்தைக்குப்பின் பட்டமேறி மாண்ட தேசிங்கை அறிந்த நமக்கு அக்கதை அயலன்று.

1940இல் நாஜிகள் வார்சா யூதர்களை மதில் சூழ்ந்த சேரிக்குள் அடைத்தனர். இல்லமும் அங்கே பெயர்ந்தது. பசியும் நோயும் மலிந்த அவ்விடத்தில், 1942 சூலை 18ஆம் நாள் இல்லத்துச் சிறுவர்கள் தாகூரின் இந்நாடகத்தை நடித்தனர். தாகூர் மறைந்து ஓராண்டுகூட நிறைந்திருக்கவில்லை. நான்கு நாள்களில், சூலை 22இல், சேரி மக்களைக் கொலைமுகாமுக்கு அனுப்புதல் தொடங்கிற்று. ஆகஸ்டு முதல் வாரத்தில் ஏறத்தாழ 200 சிறுவர்களும் திரெப்ளிங்காவுக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். தப்பும் வாய்ப்புகளை மறுத்த கோர்ச்சாக் அவர்களுடனேயே சென்றார். எவரும் மீளவில்லை.

சாவை அமைதியாக ஏற்கச் சிறுவரைப் பழக்கவே அவர் இந்நாடகத்தைத் தேர்ந்தார் என்பர். அது முழு விடையாகாது என்பது என் கருத்து. வெளியே செல்லலாகாது என்னும் கட்டளைக்கு ஆட்பட்ட அமலின் நிலை, நடித்தவர் ஒவ்வொருவரின் நிலையுமாகும். ஒரு மாலைப்பொழுதேனும் சன்னலுக்கு அப்பால் மலையும் பாதையும் மனிதரும் உண்டென்று அவர்கள் தம் வாயாலேயே சொல்ல முடிந்தது. கலை அங்கே செய்த பணி அதுவே.

ஆயினும் கவிஞர்கள் ஒன்றை நினைவில் இருத்தல் வேண்டும். தாகூரின் அரங்கில் சாவு உறக்கம். திரெப்ளிங்காவில் அது கொலை. முன்னதன் இனிமையைப் பின்னதன்மேல் பூசுவது அறமாகாது.

திரெப்ளிங்கா நினைவிடத்தில் ஏறத்தாழ 17,000 கற்கள் நிற்கின்றன. தனிமனிதர் பெயர் தாங்கியது ஒன்றே. கோர்ச்சாக்கையும் குழந்தைகளையும் அது குறிக்கிறது. குழந்தைகளின் பெயர்கள் அதில் இல்லை. வீழ்ந்தவன் பெயரைப் பொறித்து நடுகல் நாட்டிய மரபு நம்முடையது. அம்மரபில் வந்த நாம், பெயரின்றி மாண்ட சிறுவரின் கதையை நம் சிறுவர்க்குப் பொய்யின்றி, அச்சுறுத்தலுமின்றிச் சொல்லும் தமிழை ஆக்குதல் வேண்டும். அடுத்த பத்தாண்டில் நம் வட்டம் மேற்கொள்ளத்தக்க பணி இதுவெனக் கருதுகிறேன்.