தாமஸ் அட்வுட்: வங்கியை விட்டு வாக்குரிமைக்குப் போராட வந்தவர்

இங்கிலாந்தின் வாக்குரிமைப் போராட்டத்தில் முன்னின்றவர்களுள் ஒருவர் தாமஸ் அட்வுட். பர்மிங்ஹாம் நகர வங்கியாளரான அவரை அரசியலுக்கு இழுத்து வந்தது, ஊரில் பணப்புழக்கம் குறைந்து தொழில்கள் நலிந்ததே ஆகும்.

1783 அக்டோபர் 6ஆம் தேதி பர்மிங்ஹாமுக்கு அருகிலுள்ள ஹேல்சோவனில் அட்வுட் பிறந்தார். இளம் வயதிலேயே தந்தையின் வங்கியில் சேர்ந்தார். 1811இல் பர்மிங்ஹாமின் 'ஹை பெய்லிஃப்' பொறுப்புக்குத் தேர்வானார். நகராட்சி மன்றம் இல்லாத அந்நாளில் ஊர்ப் பொதுக்காரியங்களுக்குத் தலைமை ஏற்கும் பதவி அது.

அப்போது நெப்போலியனுடன் போர் நடந்துகொண்டிருந்தது. போரையொட்டி பிரிட்டிஷ் அரசு விதித்த வணிகக் கட்டுப்பாடுகளால் அமெரிக்காவுக்கான ஏற்றுமதி முடங்கியது. உலோகப் பட்டறைகளை நம்பியிருந்த பர்மிங்ஹாம் மக்கள் வேலையின்றித் தவித்தனர். அவர்களுக்காக அட்வுட் குரல் கொடுத்தார். 1812இல் கட்டுப்பாடுகள் நீக்கப்பட்டன. நன்றி மறவாத கைவினைஞர்கள் அவருக்கு வெள்ளிக் கோப்பை ஒன்றைப் பரிசளித்தனர்.

1815இல் போர் முடிந்ததும் ஆயுதத் தேவை குறைந்து, மீண்டும் வேலையில்லாத் திண்டாட்டம் தலைதூக்கியது. பணத்தைத் தங்கத்தோடு கட்டிப்போடாமல், எல்லாருக்கும் வேலை கிடைக்கும் அளவுக்குக் காகிதப் பணத்தைப் புழக்கத்தில் விட வேண்டும் என்று அட்வுட் எழுதினார். ஆனால், நிலப்பிரபுக்கள் நிறைந்த நாடாளுமன்றம் அதை ஏற்கவில்லை. குடியிருக்க ஆளே இல்லாத ஓல்டு சாரம் தொகுதி இரண்டு உறுப்பினர்களை அனுப்பியது. பெரும் தொழில் நகரமான பர்மிங்ஹாமுக்குத் தனியாக ஓர் உறுப்பினர்கூட இல்லை. முதலில் நாடாளுமன்றம் மாற வேண்டும் என்ற முடிவுக்கு அவர் வந்தார்.

1830 ஜனவரியில் பர்மிங்ஹாம் அரசியல் சங்கம் உருவானது. முதலாளிகளும் தொழிலாளர்களும் அதில் ஒன்றாகச் சேர்ந்தனர். 'அமைதி, சட்டம், ஒழுங்கு' என்பதே அதன் முழக்கம். 1832 மே மாதத்தில் சீர்திருத்த மசோதாவுக்குப் பிரபுக்கள் சபை முட்டுக்கட்டை போட்டபோது, நியூஹால் ஹில் மேட்டில் மாபெரும் மக்கள் கூட்டம் திரண்டது. ஜூன் 7ஆம் தேதி மசோதா சட்டமானது. பர்மிங்ஹாமுக்கு இரண்டு இடங்கள் கிடைத்தன. டிசம்பரில் அட்வுட்டும் ஜோஷுவா ஸ்கோல்ஃபீல்டும் போட்டியின்றித் தேர்வாயினர்.

ஆனால், நகரங்களில் ஆண்டுக்கு 10 பவுண்டு வாடகை மதிப்புள்ள வீட்டில் வசிக்கும் ஆண்களுக்கே புதிய சட்டம் வாக்குரிமை தந்தது. கூட்டத்தில் தோளோடு தோள் நின்ற தொழிலாளர்களில் பெரும்பாலோர் வெறுங்கையோடு நின்றனர். அட்வுட் அவர்களைக் கைவிடவில்லை. வயதுவந்த ஆண்கள் அனைவருக்கும் வாக்குரிமை வேண்டும் என்ற சாசன இயக்கத்தை அவர் ஆதரித்தார். சுமார் 12 லட்சத்து 80 ஆயிரம் பேர் கையெழுத்திட்ட மனுவை 1839 ஜூன் 14ஆம் தேதி நாடாளுமன்றத்தில் சமர்ப்பித்தார். அதைப் பரிசீலிக்கக் கோரிய தீர்மானம் ஜூலை 12ஆம் தேதி 235க்கு 46 என்ற வாக்குகளில் தோற்றது. மனமுடைந்த அவர் சில மாதங்களில் பதவியை விட்டு விலகினார்.

1856 மார்ச் 6ஆம் தேதி கிரேட் மால்வெர்ன் நகரில் அவர் காலமானார். மூன்று ஆண்டுகளில் பர்மிங்ஹாமில் அவருக்குச் சிலை எழுந்தது. அவரது குடும்ப வங்கியோ 1865இல் நொடித்துப்போனது. அந்த மனு கேட்ட வாக்குரிமை, 21 வயது நிரம்பிய ஆண்களுக்கு 1918இல்தான் முழுமையாகக் கிடைத்தது.