பெத்லகேமை விட்டுப் போனவர்கள்



குடில் கட்டும்போது பெத்லகேமை நினைக்கிறோம். அவ்வூர் மக்களை நினைக்கிறோமா?

19-ஆம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து பெத்லகேம், பெய்த் ஜாலா, பெய்த் சாஹூர் ஊர்களின் கிறிஸ்தவர்கள் பலர் தென் அமெரிக்காவின் சிலி நாட்டுக்குக் கப்பலேறினர். வறுமை ஒரு காரணம். 1909-இல் கிறிஸ்தவர்களுக்கும் விதிக்கப்பட்ட துருக்கிய அரசின் கட்டாயப் படைச்சேவை மற்றொன்று.

பொருள் ஈட்டித் திரும்பலாம் என்றே பலர் போனார்கள். ஆனால் 1925-இல் பிரித்தானிய ஆட்சி கொண்டுவந்த குடியுரிமைச் சட்டத்தால், அவர்களில் பலருக்குப் பாலஸ்தீனக் குடியுரிமை மறுக்கப்பட்டது. சொந்த ஊருக்கே அந்நியரானார்கள்.

ஆயினும் மறக்கவில்லை. 1920-இல் அவர்கள் சிலியில் தொடங்கிய கால்பந்துக் கழகத்தின் பெயர் 'பாலஸ்தீனோ'. அதன் சட்டையில் இன்றும் பாலஸ்தீனக் கொடியின் நிறங்கள்.

எகிப்துக்கு ஓடிய திருக்குடும்பம் ஏரோது இறந்தபின் தாயகம் திரும்பியது. இவர்களுக்கு அந்த வழி அடைக்கப்பட்டது. இவ்வாண்டு குடில் முன் மண்டியிடும்போது, பெத்லகேமின் இந்தப் பிள்ளைகளையும் நினைத்துச் செபிப்போம்.